யாழ்ப்பாணத்துப் பழைய படிப்பு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நூற்றாண்டு மலர் போடும் பழைய மாணவர் சங்கத்தார், வரலாறு பாடம் எடுக்கும் பிள்ளைகள், வெளிநாட்டிலிருந்து பூட்டன் பூட்டியின் பெயரைத் தேடுவோர் என்று பலரும் கேட்கும் சந்தேகங்கள் பெரும்பாலும் ஒன்றுதான். போர்த்துக்கேயர் யாழ்ப்பாணத்தைப் பிடித்த 1619 முதல் இலவசக் கல்விக் காலம் வரை உள்ள செய்திகளை, கேட்டவர்களின் வாய்மொழியிலேயே கேள்வியாக வைத்து இங்கே தொகுத்திருக்கிறோம்.

வெள்ளைக்காரர் வராட்டி எங்களுக்குப் படிப்பே இல்லையாமே, உண்மையோ?

உண்மையில்லை. அமெரிக்க மிஷனரிமார் 1816 இல் வந்து கிராமங்களில் பள்ளிக்கூடம் வைத்தபோது, படிப்பிக்க ஆள் தேடிக் கடலுக்கு அப்பால் போகவில்லை. ஊரில் ஏற்கனவே எழுத்தறிந்த வாத்திமாரைத்தான் சம்பளத்துக்கு வைத்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் சைவர்கள். அந்த வாத்திமார் எங்கே படித்தார்கள் என்று கேட்டால் விடை கிடைத்துவிடும்: ஊர்த் திண்ணையில், கோயில் மடத்தில், புலவர் வீட்டில்.

அதற்காக அந்தக் காலத்தில் எல்லோரும் படித்தார்கள் என்றும் எழுதக்கூடாது. திண்ணையில் இருந்தவர்கள் பெரும்பாலும் ஆண்பிள்ளைகள், அதிலும் காணி பூமி உள்ள சாதிகளின் பிள்ளைகள். நூற்றாண்டு மலர்களில் ஒரு கட்டுரை "இருண்ட ஊருக்கு மிஷன் விளக்கேற்றியது" என்கிறது, அடுத்த கட்டுரை "எங்களிடம் எல்லாம் இருந்தது" என்கிறது. இரண்டுமே பாதிக் கதை.

திண்ணைப் பள்ளிக்கூடத்தில என்னத்தைப் படிப்பிச்சவை? வகுப்பு, சோதினை எல்லாம் இருந்ததோ?

வகுப்பு இல்லை, நேரசூசி இல்லை. ஒவ்வொரு பிள்ளையும் தன் ஏட்டில் எவ்வளவு தூரம் வந்திருக்கிறதோ அதுதான் அதன் வகுப்பு. விஜயதசமியன்று ஏடு தொடக்குவார்கள். பிள்ளை முதலில் மணலில் விரலால் எழுதும். கை பழகிய பிறகு ஓலை. அரிச்சுவடி முடிந்ததும் ஆத்திசூடி, கொன்றைவேந்தன், வெற்றிவேற்கை, மூதுரை, நல்வழி. அதற்கு மேல் போகிறவர்களுக்குச் சூடாமணி நிகண்டு, அந்தாதிகள், நைடதம், நன்னூல். முதலில் மனப்பாடம், பொருள் பிறகுதான். மூத்த மாணவன் ஒருவன் சட்டாம்பிள்ளையாக இருந்து சிறுவர்களுக்குப் பாடம் சொல்லிக் கொடுப்பான், ஒப்புவிக்கவும் கேட்பான்.

கணக்குக்கு எண்சுவடி. கால், அரைக்கால் (1/8), மாகாணி (1/16), மா (1/20), காணி (1/80), முந்திரி (1/320) என்று பின்னங்களின் பெருக்கல் வாய்பாட்டைப் பாட்டாகச் சொல்ல வேண்டும். இன்றைய பிள்ளைக்கு இது வேண்டாத பாரமாகத் தெரியலாம். யாழ்ப்பாணத்தில் ஒரு பரப்பு என்பது வரகு விளையும் நிலத்தில் 18 குழி, நெல் விளையும் நிலத்தில் 12 குழி. இரண்டையும் கலந்து வைத்திருக்கும் காணியை மூன்று பேருக்குப் பங்கு பிரித்துப் பார்த்தால், முந்திரி வரை ஏன் போனார்கள் என்பது விளங்கும். ஊருக்குத் தேவையான கணக்கைத்தான் ஊர் படிப்பித்தது.

பனையோலையில எப்பிடி எழுதினவை? வீட்டில கிடக்கிற பழைய ஏட்டை நாங்கள் வாசிக்கேலுமோ?

அதிகம் முற்றாத ஓலையை எடுத்து, ஈர்க்கு நீக்கி, ஒரே அளவாக நறுக்கி, நீரில் அவித்து, நிழலில் உலர்த்தி, வழவழப்பாகும் வரை தேய்ப்பார்கள். துளையிட்டுக் கயிறு கோத்தால் ஏடு. எழுதும்போது வலக்கையில் எழுத்தாணி அதிகம் நகராது. இடக்கைதான் ஓலையை மெல்ல மெல்ல நகர்த்தும். எழுத்து கீறலாகத்தான் விழும், கண்ணுக்குச் சரியாகத் தெரியாது. விளக்குக்கரியை இலைச்சாற்றோடு அல்லது எண்ணெயோடு குழைத்துப் பூசித் துடைத்தால் கீறலுக்குள் கரி தங்கி எழுத்து கறுப்பாக எழும்.

வாசிக்க முயல்பவர்கள் இடறுவது நான்கு இடங்களில். ஓலை கிழியும் என்பதால் மெய்யெழுத்துக்குப் புள்ளி வைக்க மாட்டார்கள். குறில் எகரமும் நெடில் ஏகாரமும் ஒரே வடிவம், ஒகரம் ஓகாரமும் அப்படியே. ஆகவே "பெட்டி" என்பதும் "பேட்டி" என்பதும் ஏட்டில் ஒன்றுதான். மூன்றாவது, காலும் ரகரமும் ஒன்றுபோல இருக்கும். நான்காவது, சொல்லுக்குச் சொல் இடைவெளி கிடையாது. முதலில் உங்களுக்கு மனப்பாடமான பாட்டு உள்ள ஏடு ஏதாவது கிடைத்தால் அதை வைத்துக் கண்ணைப் பழக்குங்கள். கரி மங்கியிருக்கிறது என்று நீங்களாக எண்ணெய் பூச வேண்டாம். தூசி படிந்த ஓலையில் எண்ணெய் பட்டால் அழுக்கு கீறலுக்குள் இறங்கிவிடும்.

பறங்கியர் காலத்தில பள்ளிக்கூடம் இருந்ததோ?

இருந்தது. பறங்கியர் என்று ஊரில் சொல்வது போர்த்துக்கேயரை. பிரான்சிஸ்கன், யேசு சபைக் குருமார் கோயிற்பற்றுகளோடு (தேவாலயப் பங்குகளோடு) சேர்த்துப் பள்ளிக்கூடம் நடத்தினார்கள். செபமும் ஞானோபதேசமும் முதன்மையான பாடங்கள், எழுத்து அதற்குத் துணை. பின்னால் வந்த ஒல்லாந்தர் (டச்சுக்காரர்) இந்தக் கோயிற்பற்று அமைப்பை அழிக்காமல் அப்படியே எடுத்துத் தங்கள் சபைக்கு மாற்றிக்கொண்டார்கள்.

ஒல்லாந்தர் காலத்தில கட்டாயக் கல்வி இருந்ததாம். இப்ப மாதிரியே?

கட்டாயம் இருந்தது, நோக்கம் வேறு. ஒல்லாந்தர் 1658 இல் யாழ்ப்பாணக் கோட்டையைப் பிடித்தார்கள். பிலிப்பு பால்தேயு என்ற போதகர் இங்கே ஊழியம் செய்து, தமிழும் கற்று, 1672 இல் ஆம்ஸ்ரடாமில் வெளிவந்த தன் நூலில் குடாநாட்டுத் தேவாலயங்களைப் படங்களோடு விவரித்தார். தெல்லிப்பழை, மல்லாகம், அச்சுவேலி, உடுவில், வட்டுக்கோட்டை, பண்டத்தரிப்பு, சங்கானை, நல்லூர், சாவகச்சேரி, வரணி, பருத்தித்துறை என்று கோயில் இருந்த ஊரிலெல்லாம் பள்ளிக்கூடமும் இருந்தது. பிள்ளை வராவிட்டால் பெற்றோருக்குத் தண்டப்பணம்.

வாத்தியாருடைய வேலை படிப்பிப்பதோடு முடியவில்லை. ஞானஸ்நானம், விவாகம் போன்றவற்றைத் தோம்பு என்ற பதிவேட்டில் பதிய வேண்டியவரும் அவர்தான். அந்தப் பதிவில் பெயர் இல்லாதவருக்கு முறையான விவாகம், முதுசம் (பரம்பரைச் சொத்து), உத்தியோகம் எல்லாவற்றிலும் சிக்கல் வரும். இன்றைய பதிவுக் கந்தோரும் பள்ளிக்கூடமும் ஒரே கொட்டிலுக்குள் இருந்ததாக நினைத்துக்கொள்ளுங்கள். வீட்டில் திருநீறு, தோம்பில் கிறிஸ்தவப் பெயர் என்று சனம் இரட்டை வாழ்க்கை வாழ்ந்ததற்கு இதுதான் காரணம்.

பாடமொழி தமிழ். ஒல்லாந்த மொழி மேல்படிப்புக்கு மட்டும். உபதேசிமாரையும் வாத்திமாரையும் பழக்க 1690 இல் நல்லூரில் செமினரி என்ற பயிற்சிக்கூடம் ஒன்று தொடங்கினார்கள். ஆங்கிலேயர் 1795 இல் யாழ்ப்பாணத்தைப் பிடித்ததும் தண்டமும் சம்பளமும் நின்றன, பள்ளிக்கூடங்களும் வெறிச்சோடின. தேசாதிபதி நோர்த் அவற்றை மீட்க முயன்றார். செலவைக் குறைக்கச் சொல்லி லண்டன் உத்தரவிட்டதும் அந்த முயற்சி ஒடிந்தது.

ஆங்கிலேயர் ஆண்ட நாட்டுக்கு அமெரிக்கன் மிஷன் ஏன் வந்தது? அதுவும் யாழ்ப்பாணத்துக்கு?

அமெரிக்கர்கள் முதலில் நோக்கியது இந்தியாவை. அங்கே கிழக்கிந்தியக் கும்பனி மிஷனரிமாரை விரும்பவில்லை. 1812 இல் பிரித்தானியாவுக்கும் அமெரிக்காவுக்கும் போர் மூண்டதால் சந்தேகமும் கூடியது. இலங்கை கும்பனியின் கையில் இல்லாமல் நேரடியாக முடியின் ஆட்சியில் இருந்ததால் இங்கே இடம் கிடைத்தது. கொழும்பிலிருந்து தள்ளியிருந்த யாழ்ப்பாணம் அவர்களுக்கு ஒதுக்கப்பட்டது. 1816 இல் டானியல் பூவரும் எட்வேட் வொறனும் தெல்லிப்பழையிலும், ஜேம்ஸ் றிச்சட்சும் பெஞ்சமின் மெக்சும் வட்டுக்கோட்டையிலும் குடியேறினார்கள். ஒல்லாந்தர் விட்டுப்போன இடிந்த கோயில்களும் வளவுகளும்தான் அவர்களுக்குக் கிடைத்தவை. மேலே சொன்ன ஊர்ப் பட்டியலோடு அமெரிக்க மிஷன் நிலையங்களின் பட்டியல் இவ்வளவு பொருந்துவதற்கு அதுவே காரணம்.

அரசாங்கம் எப்போதும் ஆதரவாக இருந்தது என்று நினைக்க வேண்டாம். 1820 இல் அச்சுவேலை தெரிந்த ஜேம்ஸ் கரெற் வந்தபோது, தேசாதிபதி பாண்ஸ் அவரைத் தங்க விடவில்லை. அந்தத் தடை 1833 வரை நீடித்தது. தடை நீங்கிய பின்தான் மானிப்பாயில் அச்சுக்கூடம் முழுமூச்சாக இயங்கியது. 1841 இல் "உதயதாரகை" பத்திரிகை வெளிவந்தது.

எந்தப் பள்ளிக்கூடம் எந்த மிஷனுடையது? ஒரே குழப்பமாய்க் கிடக்கு.

வரைபடத்தில் பார்த்தால் குழப்பம் தீரும், ஏனென்றால் மிஷன்கள் ஊர்களைப் பங்கிட்டுக்கொண்டன. 1814 இல் இலங்கைக்கு வந்த வெஸ்லியன் மிஷனுக்கு யாழ்ப்பாணப் பட்டினமும் பருத்தித்துறைப் பக்கமும்: மத்திய கல்லூரி, வேம்படி, ஹாட்லி. 1818 இல் வந்த சேர்ச் மிஷனுக்கு நல்லூர், சுண்டுக்குளி, கோப்பாய்: சென். ஜோன்ஸ், சுண்டுக்குளி மகளிர். வலிகாமத்தின் மேற்கும் வடக்கும் தீவுப்பகுதியும், பிறகு உடுப்பிட்டியும் தென்மராட்சியும் அமெரிக்க மிஷனுக்கு. கத்தோலிக்கர் இந்தப் பங்கீட்டுக்குள் வரவில்லை. சென். பற்றிக்ஸ் 1850 இலிருந்து தன் தொடக்கத்தைக் கணக்கிடுகிறது.

வட்டுக்கோட்டைச் செமினரி உண்மையில பல்கலைக்கழகமோ?

பட்டம் கொடுக்கவில்லை, ஆகவே சட்டப்படி பல்கலைக்கழகம் இல்லை. ஆனால் பாடத்தின் உயரம் சாதாரணமானதல்ல. அமெரிக்க மிஷனின் இந்த உயர்கல்விக்கூடம் 1823 இல் பூவரின் தலைமையில் தொடங்கி, 1835 இலிருந்து ஹென்றி ஹொய்சிங்ரனின் கீழ் நடந்தது. கேத்திரகணிதம், அட்சரகணிதம், திரிகோணகணிதம், வானியல், பௌதிகம், தருக்கம், வேதாகமம் எல்லாம் ஆங்கிலத்தில். அதே வளவுக்குள் நன்னூலும் குறளும் தமிழில். ஆளுநர் நிர்வாகத்தில் குடியேற்றச் செயலாளராக இருந்த எமர்சன் ரெனன்ற், ஐரோப்பியப் பல்கலைக்கழகங்கள் பலவற்றோடு இதை வைத்து எண்ணலாம் என்று எழுதினார்.

வானியல் அங்கே வெறும் புத்தகப் பாடமாக இருக்கவில்லை. 1829 இல் வந்த சந்திர கிரகணத்துக்கு அராலியின் புகழ்பெற்ற பஞ்சாங்ககாரர் விசுவநாத சாஸ்திரியார் கணித்த நேரமும் பூவர் கணித்த நேரமும் வேறுபட்டன. ஊர் கூடிப் பார்த்தது. பூவரின் கணக்குப் பொருந்தியது. மிஷன் இதைச் சமய வெற்றியாக எழுதிக்கொண்டது. ஒரு கிரகணத்தைக் கையால் கணித்து, பிழை நிமிடக்கணக்கில் நிற்குமளவுக்கு நுட்பம் அராலியிலே இருந்தது என்பதும் அதே நிகழ்ச்சியிலிருந்துதான் தெரிகிறது. இந்த இரண்டாவது பக்கத்தை மலர்க்கட்டுரைகள் எழுதுவதில்லை.

சென்னைப் பல்கலைக்கழகம் 1857 இல் தொடங்கி நடத்திய முதல் பி. ஏ. பரீட்சையில் தேறியவர்கள் சி. வை. தாமோதரம்பிள்ளையும் கறோல் விசுவநாதபிள்ளையும். இருவரும் இந்தச் செமினரியில் படித்தவர்கள். தாமோதரம்பிள்ளை பின்னர் ஏட்டில் அழிந்துகொண்டிருந்த தொல்காப்பியப் பொருளதிகாரத்தையும் கலித்தொகையையும் அச்சேற்றினார். ஏட்டு வாசிப்பில் வரும் இடர்களை முன்பே சொன்னோம். சிறுப்பிட்டியில் கற்ற தமிழும் வட்டுக்கோட்டையில் பழகிய ஒழுங்கும் ஒரே ஆளிடம் சேர்ந்ததால்தான் அந்த வேலை நடந்தது என்பது எங்கள் உறுதியான எண்ணம்.

அவ்வளவு நல்லாய் நடந்ததை ஏன் 1855 இல மூடினவை?

அமெரிக்காவில் மிஷனை நடத்திய சபையின் செயலாளர் றூபஸ் அண்டர்சன் நேரில் வந்து கணக்குப் பார்த்தார். செமினரி போதகர்களை உண்டாக்குவதற்குப் பதிலாக அரசாங்க உத்தியோகத்தரை உண்டாக்குகிறது, ஆங்கிலம் படித்தவன் ஊரில் நிற்பதில்லை, படித்த பலர் மதமும் மாறவில்லை என்பது அவர் கண்ட முடிவு. தாய்மொழியில் சிறிய அளவில் உபதேசிமாரைப் பழக்கினால் போதும் என்று மூடச் செய்தார். ஊரவர் கேட்டதோ ஆங்கிலம். கடைசியில் ஊரவரின் முயற்சியோடுதான் 1872 இல் அதே வளவில் யாழ்ப்பாணக் கல்லூரி எழுந்தது.

தாய்மொழிக் கல்வி என்றாலே மட்டம் என்ற எண்ணத்துக்கு இதே காலத்தில் ஒரு மறுப்பும் இருக்கிறது. 1847 இல் வந்த வைத்தியர் சாமுவேல் பிஸ்க் கிறீன் மானிப்பாயில் அறுபதுக்கு மேற்பட்டோரை வைத்தியராக்கினார். அவர்களில் 33 பேர் முழுக்கத் தமிழிலேயே படித்தவர்கள். அதற்காக உடற்கூறு, சிகிச்சை, இரசாயன நூல்களைத் தமிழில் ஆக்குவித்து அச்சிட்டார்.

எங்கட பூட்டனுக்கு நெவின்ஸ் எண்டு பெயராம். அவர் வெள்ளைக்காரரோ?

இல்லை. அமெரிக்காவிலுள்ள ஒரு கொடையாளர் ஒரு பிள்ளையின் விடுதிச் செலவைப் பொறுப்பேற்றால், அவர் சொல்லும் பெயரைப் பிள்ளைக்கு இடுவது மிஷனின் வழக்கம். கறோல் விசுவநாதபிள்ளை, ஆர்னல்ட் சதாசிவம்பிள்ளை, வில்லியம் நெவின்ஸ் சிதம்பரப்பிள்ளை எல்லாம் அப்படி வந்த பெயர்கள். பெயர் மாறியவர் எல்லோரும் கடைசிவரை கிறிஸ்தவராக இருந்தார் என்றும் எடுத்துக்கொள்ள முடியாது.

தேடும்போது மூன்று வடிவத்திலும் தேடுங்கள்: மிஷன் பெயர் தனியே, தமிழ்ப் பெயர் தனியே, இரண்டும் சேர்ந்து. மிஷன் இடாப்பில் (பெயர்ப் பதிவேட்டில்) ஒரு பெயரும் காணி உறுதியில் இன்னொரு பெயரும் இருக்கும். ஒரே கொடையாளரின் பெயரை உறவில்லாத இருவர் வைத்திருக்கவும் கூடும். ஆகவே ஆங்கிலப் பெயரை மட்டும் வைத்து "ஒரே குடும்பம்" என்று வம்சாவளி வரைய வேண்டாம். ஊர்ப் பெயரும் தகப்பன் பெயரும் பொருந்த வேண்டும்.

பொம்பிளைப் பிள்ளையள் எப்ப படிக்கத் தொடங்கினவை?

விடுதியோடு கூடிய பள்ளிக்கூடமாக 1824 இல் உடுவிலில். ஹரியற் வின்சிலோ தொடங்கினார். ஆசியாவின் முதல் பெண்கள் விடுதிப் பாடசாலை என்று அதைச் சொல்வார்கள். முதலில் பிள்ளை சேர்ப்பதே பெரும்பாடு. "எழுதப் பழகினால் யார் கட்டுவான்" என்பது ஊர்க் கேள்வி. மிஷன் சாப்பாடும் உடுப்பும் கொடுத்தது, படிப்பை முடித்துக் கிறிஸ்தவரை மணக்கும் பெண்ணுக்குச் சிறிய சீதனமும் கொடுத்தது. செமினரிப் பையன்களுக்குப் படித்த மனைவி வேண்டும் என்பதும் மிஷனின் கணக்கில் இருந்தது. 1840 இல் வந்த எலைசா அக்னியூ ஏறத்தாழ நாற்பது ஆண்டு அங்கே தலைமை தாங்கியபோது, தாயும் மகளும் பேத்தியும் அவரிடமே படித்த குடும்பங்கள் உண்டாயின. கல்யாணப் பேச்சில் படிப்பு ஒரு தகுதியாக ஏறியது அந்தத் தலைமுறைகளில்தான்.

வேம்படி 1834 இல், சுண்டுக்குளி 1896 இல். சைவப் பெண்களுக்கு உயர்தரமான விடுதிக் கல்லூரி கிடைக்க 1913 ஆயிற்று. சேர் பொன்னம்பலம் இராமநாதன் மருதனார்மடத்தில் நிறுவிய இராமநாதன் கல்லூரி அது.

நாவலர் மிஷன் பள்ளிக்கூடத்தில படிச்சவர்தானே? பிறகு ஏன் எதிராய்ப் பள்ளிக்கூடம் வைச்சவர்?

அங்கே படித்ததால்தான் எப்படி வைப்பது என்பது அவருக்குத் தெரிந்தது. நல்லூர் ஆறுமுக நாவலர் (1822–1879) வெஸ்லியன் ஆங்கிலப் பாடசாலையில் படித்து, அங்கேயே படிப்பித்து, பீற்றர் பேர்சிவல் பாதிரியாருக்கு வேதாகமத் தமிழ் மொழிபெயர்ப்பில் துணை நின்றார். மிஷன்களின் பலம் எங்கே இருக்கிறது என்பதைக் கிட்ட நின்று பார்த்தவர் அவர்: தரம் பிரித்த வகுப்பு, அச்சிட்ட பாடப்புத்தகம், கிழமைப் பிரசங்கம், பயிற்றப்பட்ட ஆசிரியர். 1847 இறுதியில் வண்ணார்பண்ணைச் சிவன் கோயிலில் வெள்ளிக்கிழமைப் பிரசங்கம் தொடங்கினார். 1848 இல் வண்ணார்பண்ணையில் சைவப்பிரகாச வித்தியாசாலை. பிறகு சொந்த அச்சுக்கூடம்.

அவருடைய பாலபாடங்கள் திண்ணை முறையிலிருந்து எவ்வளவு விலகின என்பதைக் கவனியுங்கள். பாட்டை மனப்பாடம் செய்வித்துப் பொருளைப் பிறகு சொல்லும் முறைக்குப் பதிலாக, சிறு வாக்கியங்களில் உரைநடை, முதலாம் இரண்டாம் பாலபாடம் என்று படிப்படியான ஏற்றம், சொல் பிரித்து நிறுத்தக்குறி போட்ட அச்சு. இது மிஷன் புத்தகத்தின் உடல். உள்ளே இருந்தது சைவம். அரசாங்க உதவிப்பணம் இந்தப் பள்ளிக்கூடத்துக்குக் கிடைக்க இருபது ஆண்டுக்கு மேல் சென்றது.

"கிராண்ட்" எண்டு அடிக்கடி வருது. அது எப்பிடி நடந்தது?

1869 இல் பொதுப் போதனைத் திணைக்களம் உருவான பிறகு, தனியார் பள்ளிக்கூடங்களுக்கு அரசாங்கம் கொடுத்த உதவிப்பணம் அது. சமயம் படிப்பிப்பதைத் திணைக்களம் கணக்கில் எடுக்கவில்லை. ஆண்டுக்கொருமுறை இன்ஸ்பெக்ரர் வருவார். வாசிப்பு, எழுத்து, எண் மூன்றிலும் பிள்ளைகளைச் சோதிப்பார். தேறிய தலைக்குக் காசு. பணம் ஆசிரியர் கைக்கு நேரே வராது. முகாமையாளரிடம் வரும், அவர் சம்பளம் கொடுப்பார்.

பிழைத்தது இங்கேதான். காசு சித்திக்கு என்றானதும், சோதினைப் புத்தகத்தைத் தலைகீழாக ஒப்புவிக்கப் பழக்கினார்கள். பிள்ளை புத்தகத்தைப் பார்க்காமலே "வாசிக்கும்". வரவு இடாப்பில் வராத பிள்ளைக்கும் வரவு விழுந்தது. கெட்டிக்காரப் பிள்ளையும் அடியோடு பின்தங்கிய பிள்ளையும் கவனிப்பாரற்று, எல்லைக்கோட்டில் நிற்கும் பிள்ளைக்கே வாத்தியாரின் நேரம் முழுக்கப் போனது. பழைய இடாப்பை ஆதாரமாக எடுப்பவர்கள் வரவு எண்ணிக்கையை அப்படியே நம்பாமல், இன்ஸ்பெக்ரர் சோதித்த எண்ணிக்கையோடு ஒப்பிட வேண்டும்.

இன்னொன்று தூர விதி. ஏற்கனவே உதவிபெறும் பள்ளிக்கூடம் உள்ள இடத்திலிருந்து குறித்த தூரத்துக்குள் புதிதாகத் தொடங்கினால் உதவிப்பணம் கிடையாது. முந்தி வந்தவை மிஷன் பள்ளிக்கூடங்கள் என்பதால் அடி சைவர்களுக்கு விழுந்தது. 1888 இல் சைவ பரிபாலன சபையும் 1923 இல் இந்துக் கல்விச் சபையும் தோன்றிப் பள்ளிக்கூடங்களைக் கூட்டாக நடத்த முனைந்ததன் பின்னணி இது.

இங்கிலிஷ் பள்ளிக்கூடம், தமிழ்ப் பள்ளிக்கூடம் எண்டு ரெண்டு ஏன்?

காசு கட்டிப் படிப்பது ஆங்கிலம், இலவசமாகக் கிடைத்தது தமிழ். ஆங்கிலப் பாடசாலைப் பிள்ளை கேம்பிரிட்ஜ் யூனியர், சீனியர், லண்டன் மற்றிக்குலேசன் எழுதலாம். கந்தோர், றெயில்வே, சேவையர் வேலை, 1890 களிலிருந்து மலாயா. ஒரு மகனை மலாயாவுக்கு அனுப்ப ஒரு பரப்பு ஈடு வைத்த குடும்பங்கள் மகன் அனுப்பிய பணத்தில் கல்வீடு கட்டின. "மலாயாப் பென்சனியர்" என்ற சொல்லே அப்படி வந்தது.

தமிழ்ப் பாடசாலைப் பிள்ளைக்கு உச்சம் ஆசிரியப் பயிற்சி, அல்லது 1921 இல் தொடங்கிய ஆரிய திராவிட பாஷாபிவிருத்திச் சங்கத்தின் பிரவேச, பாலபண்டித, பண்டிதப் பரீட்சைகள். தமிழில் எவ்வளவு ஆழம் போனாலும் சம்பளம் ஆங்கில ஆசிரியரின் சம்பளத்துக்குக் கிட்ட வராது. பெரும் புலமையுள்ள பண்டிதர்கள் கைக்கும் வாய்க்கும் எட்டாமல் வாழ்ந்தது இந்த அமைப்பின் விளைவு. அதை அவர்களின் எளிமை என்று மட்டும் புகழ்வது நியாயமில்லை.

எல்லாச் சாதிப் பிள்ளையளையும் சேர்த்தவையோ? மிஷன் சாதி பார்க்கேல்லை எண்டு சொல்லுகினமே?

கொள்கையில் பார்க்கவில்லை. நடைமுறையில் நீண்ட காலம் இணங்கிப் போனது. வட்டுக்கோட்டையின் தொடக்க காலத்தில் விடுதிப் பிள்ளைகள் மிஷன் வளவுக்குள் சமைத்ததை உண்ண மறுத்ததால், சமையல் அடுத்த காணியில் நடந்தது. செமினரியில் படித்தவர்களில் பெரும் பங்கினர் வெள்ளாளர். சைவப் பள்ளிக்கூடங்களில் கதவு இன்னும் இறுக்கம். நாவலர் சாதியாசாரத்தைச் சைவாசாரத்தின் பகுதியாகவே கொண்டவர். அவருடைய உரைநடைக்கும் பள்ளிக்கூடத்துக்கும் நாம் கடன்பட்டிருக்கிறோம் என்பதால் இதை மறைக்கக்கூடாது.

ஒடுக்கப்பட்ட சாதிப் பிள்ளைகள் சேர்க்கப்பட்ட இடங்களிலும் மற்றவர்கள் வாங்கில் இருக்க அவர்கள் நிலத்தில், சில இடங்களில் கொட்டிலுக்கு வெளியே. 1929–30 இல் உதவிபெறும் பாடசாலைகளில் எல்லாப் பிள்ளைகளுக்கும் சம ஆசனம் கொடுக்க வேண்டும் என்று கல்வித் திணைக்களம் வற்புறுத்தியபோது, எதிர்ப்பு மனுக்கள் போயின, பிள்ளைகளை மறித்தார்கள், பாடசாலைகளுக்குத் தீ வைத்தார்கள். யாழ்ப்பாண வாலிபர் காங்கிரஸ் சமத்துவத்தின் பக்கம் நின்றது. பள்ளிக்கூட வரலாறு எழுதுகிறீர்கள் என்றால் "எப்போது தொடங்கியது" என்பதோடு "எப்போது எல்லோரும் ஒரே வாங்கில் இருந்தார்கள்" என்பதையும் மூத்தவர்களிடம் கேளுங்கள். அந்த நினைவு உள்ளவர்கள் குறைந்துகொண்டே வருகிறார்கள்.

இலவசக் கல்வி 1945 இலயோ 1960 இலயோ?

இரண்டு வேறு நிகழ்வுகள். கல்வி அமைச்சர் சி. டபிள்யூ. டபிள்யூ. கன்னங்கராவின் திட்டப்படி 1945 ஒக்ரோபரில் கட்டணம் நீங்கியது. நிருவாகம் அப்போது மிஷன்களிடமும் சபைகளிடமும்தான் இருந்தது. ஆங்கிலக் கல்லூரிகள் சில தயங்கிப் பிறகே திட்டத்துக்குள் வந்தன. 1960, 1961 ஆண்டுச் சட்டங்களால் உதவிபெறும் பாடசாலைகளை அரசாங்கம் பொறுப்பேற்றது. யாழ் இந்து, மத்திய கல்லூரி, ஹாட்லி, வேம்படி அரசாங்கத்துக்குப் போயின. யாழ்ப்பாணக் கல்லூரி, சென். ஜோன்ஸ், சென். பற்றிக்ஸ், சுண்டுக்குளி, உடுவில் போன்றவை உதவிப்பணத்தைக் கைவிட்டுத் தனியாராக நின்றன.

எங்கட பள்ளிக்கூடம் தொடங்கின ஆண்டு எது? மூண்டு பேர் மூண்டு ஆண்டு சொல்லுகினம்.

மூவரும் சரியாக இருக்கலாம். பழைய பள்ளிக்கூடம் ஒன்றுக்கு வழக்கமாக நான்கு ஆண்டுகள் இருக்கும்: முதல் வகுப்பு நடந்த ஆண்டு, இன்றைய காணிக்கு வந்த ஆண்டு, உதவிப்பணத்துக்குப் பதிந்த ஆண்டு, இன்றைய பெயர் சூடிய ஆண்டு. சென். ஜோன்ஸ் 1823 இல் நல்லூரில் தொடங்கிச் சுண்டுக்குளிக்கு மாறியது, அந்தப் பெயரைப் பெற்றது 1891 இல். யாழ்ப்பாணக் கல்லூரி 1823 ஐச் சொன்னால் செமினரியை எண்ணுகிறது, 1872 ஐச் சொன்னால் தன்னை எண்ணுகிறது. யாழ் இந்து 1890 இல் சைவ பரிபாலன சபையின் கைக்கு வந்தது. அதற்கு முன்னரே அதை நடத்தியவர் மேலே கண்ட நெவின்ஸ் சிதம்பரப்பிள்ளை. மலரில் நான்கையும் தனித்தனியாக எழுதுங்கள்.

ஆதாரம் தேடும் ஒழுங்கு இது. முதலில் பாடசாலையின் சம்பவத் திரட்டுப் புத்தகமும் அனுமதி இடாப்பும். அனுமதி இடாப்பில் முதலாம் இலக்கம் உள்ள பக்கம் கிடைத்தால் திகதியோடு படம் எடுத்து வையுங்கள். அடுத்தது காணி உறுதி. பிறகு தேவாலயப் பதிவேடுகள், திணைக்கள ஆண்டறிக்கைகள், அக்காலப் பத்திரிகைகள். ஒல்லாந்தர் தோம்புகளுக்குக் கொழும்பிலுள்ள தேசிய சுவடிகள் திணைக்களத்துக்குப் போக வேண்டும். 1981 ஜூன் முதலாம் திகதி யாழ்ப்பாணப் பொது நூலகத்தோடு ஏறத்தாழ 97,000 நூல்களும் ஏடுகளும் எரிந்தன. போரில் இடம்பெயர்ந்தபோது பள்ளிக்கூட அலுமாரிகளும் போயின. ஆகவே ஓய்வுபெற்ற அதிபர்மார் வீட்டுப் பெட்டகங்களையும் கேட்டுப் பார்க்க வேண்டும். கிடைத்ததை அன்றே மின்வருடிப் பிரதியெடுத்து இரண்டு இடத்தில் வையுங்கள்.

பழைய கணக்குக் கொப்பியில "இறைசால்" எண்டு கிடக்கு. அது என்ன காசு?

ஒல்லாந்தர் விட்டுப்போன நாணயக் கணக்கு. ஓர் இறைசால் 12 பணம். 1825 இல் அதன் பெறுமதியை ஒன்றரைச் சிலிங் என்று நிறுத்தினார்கள். 1872 இல் ரூபா வந்தபோது இரண்டு சிலிங் ஒரு ரூபாயானது, ஆகவே ஓர் இறைசால் 75 சதம். வாத்தியாருக்கு "மாதம் 4 இறைசால்" என்று கண்டால் 3 ரூபா என்று மாற்றலாம். 1825 க்கு முந்திய கொப்பியில் மட்டும் இப்படி மாற்ற வேண்டாம். அதற்கு முன் இறைசாலின் பெறுமதி ஏறி இறங்கிக்கொண்டிருந்தது.